ஒரு மார்க்கு டீச்சர்

ஆசிரியர் தேர்வில் ஒரு கேள்விக்கு அவள் எழுதிய விடைதான் சரி. தேர்வு வாரியம் வெளியிட்ட விடை தவறு. அந்த ஒரு மார்க்குக்காக வழக்குப் போட்டாள். கூடச் சேர்ந்தவர்கள் ஒவ்வொருவராகக் கழன்றுகொண்டார்கள். ஒருத்திக்குக் கல்யாணம், ஒருவனுக்குத் தனியார் வேலை. கடைசியில் வக்கீலும் அவளும்தான் மிச்சம். சொந்தக்காரர்கள் அவளுக்குக் 'கேஸ்காரி' என்றே பெயர் வைத்துவிட்டார்கள். பார்க்கிறவர்கள் எல்லாம் "தீர்ப்பு வந்துடுச்சா?" என்றுதான் கேட்டார்களே தவிர, நல்லா இருக்கியா என்று ஒரு வார்த்தை கேட்டதில்லை.

ஒருவழியாகத் தீர்ப்பு வந்தது. சரியான விடைக்கு மார்க்கு போட்டு தரவரிசையைத் திருத்தச் சொன்னது நீதிமன்றம். அவள் மேலே ஏற, ஏற்கெனவே வேலையில் இருந்த ஓர் அறிவியல் டீச்சர் வெளியே போகவேண்டியதாயிற்று. அந்த இடத்துக்கே இவளைப் போட்டார்கள்.

"உக்காருங்கம்மா, அது அவங்க நாற்காலி..." என்று ஆரம்பித்த தலைமையாசிரியர், நாக்கைக் கடித்துக்கொண்டார்.

அவள் ஆசிரியர் அறைக்குள் நுழைந்தால் பேச்சு பாதியில் நின்றது. மதியம் சாப்பாட்டு டப்பாக்கள் மேசையின் அந்தப் பக்கத்திலேயே கைமாறின. வகுப்பிலோ ஒரு சிறுமி எழுந்து, "எங்க டீச்சர் எப்ப வருவாங்க?" என்றாள்.

"இனிமே நான்தாம்மா உங்க டீச்சர்."

"நீங்க இல்ல. எங்க டீச்சர்."

அடுத்த வாரம் அந்த டீச்சர் தன் சாமான்களை எடுக்க வந்தாள். எல்லோரும் சூழ்ந்துகொண்டு அழுதார்கள். மணி அடித்ததும் அவரவர் வகுப்புக்குப் போக, அறையில் இரண்டு பேர்தான் மிஞ்சினார்கள்.

"நீங்கதானா அது?" என்றாள் வந்தவள். "கோவம் இல்லன்னு சொன்னா பொய். முகம் தெரியாமலே உங்களைத் திட்டித் தீத்திருக்கேன்."

"நான் உங்க வேலையைக் கேக்கலங்க. என் மார்க்கைத்தான் கேட்டேன்."

"தெரியும். நானும் முதல்ல உங்க பதிலைத்தான் எழுதினேன். கடைசி நேரத்துல அடிச்சு மாத்திட்டேன்."

இருவருக்கும் சிரிப்பு வந்துவிட்டது. அந்தப் பள்ளிக்கூடத்தில் கேஸ்காரி சிரித்தது அதுதான் முதல் தடவை.

"அப்பீல் பண்ணப் போறேன்," என்றாள் வந்தவள், பையின் வாயைக் கட்டியபடி. "என்னை மாதிரி வேலை போனவங்க எல்லாரும் கூட வர்றேன்னு சொல்லியிருக்காங்க."

கேஸ்காரி தன் கூடச் சேர்ந்தவர்களைப் பற்றிச் சொல்ல வாயெடுத்தாள். சொல்ல மனசு வரவில்லை.

"கோர்ட்டு வராந்தாவுல சாயங்காலம் வரைக்கும் உக்கார வச்சிடுவாங்க," என்றாள். "கையோட சாப்பாடு எடுத்துட்டுப் போங்க."

வந்தவள் அவளை ஒரு கணம் உற்றுப் பார்த்தாள். பிறகு பையைத் தோளில் மாட்டிக்கொண்டு இறங்கிப் போனாள்.

அடுத்த மணி அடித்தது. கேஸ்காரி சாக்பீஸுடன் வகுப்புக்குப் போனபோது பாதி பெஞ்சுகள் காலி. பிள்ளைகள் பள்ளிக்கூட வாசலில் அந்த டீச்சரின் கையைப் பிடித்துக்கொண்டு விடமாட்டோம் என்றார்கள். கேஸ்காரி யாரையும் கூப்பிடவில்லை. பலகையில் பாடத்தின் தலைப்பை எழுதிவிட்டு, அவர்கள் வரும்வரை ஜன்னலோரம் நின்றுகொண்டிருந்தாள்.