மில்காரர் ஒப்ரெனுக்கு ஒரு சாட்சி

எனக்கு ஆறடி உயரம், வைக்கோல் நிறத்தில் தலைமுடி. என்னை ஜெர்மன் சிப்பாயாக்க இந்த இரண்டு தகுதியே போதுமானதாக இருந்தது. 1971 குளிர்காலத்தில் பெல்கிரேடிலிருந்து படப்பிடிப்புக் குழு எங்கள் ஊர் சுவோதோலுக்கு வந்தது. ஊர் ஆண்களைப் பள்ளிக்கூட முற்றத்தில் மாட்டுச் சந்தை போல வரிசையாக நிறுத்திப் பார்த்தார்கள். கறுத்த மீசைக்காரர்கள் எல்லாரும் மலைப் போராளிகள் ஆனார்கள். தபால்காரன் ரதோயே, அதாவது நான், எதிரிப்படையில் சேர்ந்தேன். அன்று மாலை அந்தச் சாம்பல் நிற உடுப்போடு வீட்டுக்குப் போனால், என் மனைவி தெசங்கா வாசலை மறித்துக்கொண்டு நின்றாள்.

"எங்கப்பாவைச் சுட்டவனுங்க போட்டிருந்த துணி அது. கழட்டிட்டு வந்தாத்தான் சூப்பு. இல்லேன்னா ஹிட்லர்கிட்டப் போய்க் கேளுங்க."

குதிரைக் கொட்டகையில் உடுப்பைக் கழற்றிவிட்டுக் குளிரில் நடுங்கியபடி உள்ளே போனேன்.

எங்கள் ஊரில் நடந்த உண்மையைத்தான் படம் எடுக்கப்போகிறோம் என்று சொல்லிக்கொண்டு வந்தார்கள். உண்மையில் நடந்தது இதுதான். 1943 ஜூன் மாதம், காயம்பட்ட போராளிகள் பதினொரு பேரை ஆற்றோரக் குகையில் ஒளித்து வைத்திருந்தோம். ஜெர்மானியர்கள் பள்ளத்தாக்கில் நுழைந்ததும், மாவு மில் வைத்திருந்த ஒப்ரென் தனியாக அவர்களை நோக்கி நடந்து போனார். எனக்கு அப்போது ஒன்பது வயது. மில்லுக்கு மேலே மல்பெரி மரத்தில் ஏறிப் பழம் தின்றுகொண்டிருந்தேன். அவர் போனதைப் பார்த்தது நான் ஒருவன்தான். அவர் போய் நின்ற பிறகு ஜெர்மானியர்கள் குகைப் பக்கம் போகாமல் மேல் பாதையில் ஏறினார்கள். மதியம் வரை மலையில் அலைந்துவிட்டு, வெறுங்கையோடு திரும்பி வந்து ஒப்ரெனைச் சுட்டார்கள். அவர் வீட்டைக் கொளுத்தினார்கள். குகையில் இருந்தவர்களை மறுநாள் மோப்ப நாய்கள் கண்டுபிடித்துவிட்டன; பதினொரு பேரையும் சுட்டார்கள். ஆனால் அந்த அரை நாளில் ஊர்ப் பெண்களும் பிள்ளைகளும் காட்டுக்குள் ஓடித் தப்பித்தோம். அதில் என் அம்மாவும் உண்டு, நானும் உண்டு.

இதை இயக்குநரிடமும் சொன்னேன். தங்கமான மனிதர். என் வீட்டுப் பிளம் சாராயத்தைப் பாராட்டிக் குடித்தார்.

"அருமைங்க ரதோயே. ஆனா பதினோரு பேரு சாகறாங்க. எவனாவது காட்டிக்குடுக்கணும்ல? நாய் காட்டிக்குடுத்துச்சுன்னு படம் எடுத்தா ஜனங்க பாதியில எந்திரிச்சுப் போயிடுவாங்க."

அப்படித்தான் மில்காரர் துரோகி ஆனார். படத்தில் அவருக்கு வேறு பெயர் வைத்தார்கள். ஆனால் மில் அதே மில், ஆறு அதே ஆறு. ஜூன் மாதத்தை ஜனவரி ஆக்கினார்கள், ரத்தம் பனியில்தான் நன்றாகத் தெரியுமாம். மில்காரராக நடிக்க நாடே கொண்டாடும் ஒரு நடிகரைக் கூட்டி வந்திருந்தார்கள். நான் ஜெர்மன் அதிகாரிக்குப் பக்கத்தில், நடிகரிடமிருந்து மூன்றடி தூரத்தில், துப்பாக்கியோடு நிற்க வேண்டும். அவர் பனியில் நடந்து வந்து, நின்று, மூச்சு வாங்கி, கையை நீட்டிக் குகையைக் காட்ட வேண்டும். இயக்குநருக்குத் திருப்தி வரவில்லை. பதினேழு முறை எடுத்தார்கள். பதினேழு முறையும் அந்தக் கை என் மூக்குக்கு முன்னால் எழும்பியது. கால் விரல்கள் மரத்துப்போய்விட்டன. ஆனாலும் வெட்கத்தை விட்டுச் சொல்கிறேன், எனக்குப் பெருமை தாங்கவில்லை.

அடுத்த வருஷம் படம் வந்தது. நாடே பைத்தியம் பிடித்து அலைந்தது. படத்தில் வரும் நர்ஸ் தலைத்துணியைக் கழுத்துக்குப் பின்னால் முடிந்திருந்தாள் என்பதற்காக, எங்கள் ஊர்ப் பெண்களும் அப்படி முடிந்துகொண்டார்கள். பிறந்த ஆண் குழந்தைக்கெல்லாம் படத்துக் கமாண்டரின் பெயர். எங்கள் உண்மையான கமாண்டர் வழுக்கைத் தலையர், என் தோள் உயரம்கூட இருக்கமாட்டார், வார்த்தைக்கு வார்த்தை தும்முவார். சதுக்கத்தில் அவருக்கு வைத்த சிலைக்கு, கமாண்டராக நடித்தவரின் சுருள் முடியும் அகன்ற மார்பும் வந்து சேர்ந்தன. அவரோடு சேர்ந்து சண்டை போட்ட கிழவர்களே சிலையைப் பார்த்து, "அப்படியே அவருதான்யா" என்று கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள். எனக்கு எரிச்சலாக வந்தது. அதே கிழவர்கள்தான் தெருவில் என்னைப் பார்த்தால் "என்னடா ஜெர்மன்காரா, தபால் இருக்கா?" என்று கேட்டுச் சிரிப்பார்கள்.

'மில்காரன்' என்பது வசைச் சொல் ஆனது அப்போதுதான். கால்பந்து மைதானத்தில் நடுவர் எதிரணிக்குப் பெனால்டி கொடுத்தால், "டேய் மில்காரா!" என்று கூட்டம் கத்தும். வகுப்பில் கோள் சொன்ன பையன் மில்காரன். எங்கள் ஊரில் உண்மையான மில் ஒன்று இருந்தது, அதை ஒப்ரெனின் மகள் யாகோதா நடத்திக்கொண்டிருந்தாள் என்பதுதான் கொடுமை. விதவை, பள்ளிக்கூடம் போகும் ஒரு மகள் உண்டு. படம் வந்த பிறகு ஊர்க்காரர்கள் ஒவ்வொருவராக நகரத்தில் இருக்கும் மின்சார மில்லுக்குச் சோளத்தைத் தூக்கிக்கொண்டு போனார்கள். யாரும் காரணம் சொல்லவில்லை. பஸ்ஸில் போய்வர வசதியாக இருக்கிறதாம். நாங்களும்தான் போனோம். தெசங்கா போகக் கூடாதென்று இரண்டு முறை சண்டை போட்டுவிட்டுப் பிறகு விட்டுவிட்டாள்.

படத்தின் புண்ணியத்தில் ஊருக்குப் பளிங்கு நினைவுச்சின்னம் ஒன்றும் கிடைத்தது. 1943இல் இறந்தவர்கள் எல்லார் பெயரையும் கல்லில் வெட்டப்போகிறார்கள் என்று அறிவிப்பு வந்தது. இறந்தவர்களுக்காக முன்பு வைத்திருந்த மரப்பலகையில் இருந்த ஒப்ரென் பெயர் புதிய பட்டியலில் இல்லை. யாகோதா போராளிகள் சங்கத்துக்கு மனுப் போட்டாள். நான்தான் கொண்டுபோய்க் கொடுத்தேன். சங்கத் தலைவர் வூகாஷின் அந்தக் காலத்தில் துப்பாக்கி தூக்கியவர், ஒப்ரென் அரைத்த மாவைத் தின்று வளர்ந்தவர். அவர் சொன்ன பதிலை யாகோதாவே என்னிடம் வந்து சொன்னாள்.

"'மாசத்துக்கு நாப்பது பஸ்ஸுல பள்ளிக்கூடப் புள்ளைங்க வருது. எல்லாம் படம் பாத்த புள்ளைங்க. மில்காரன் பேரு கல்லுல ஏன் இருக்குன்னு கேட்டா நான் என்னத்தைச் சொல்ல'ங்கறாருண்ணே. கண்ணால பாத்த சாட்சி வந்து எழுத்துல குடுத்தா வெட்டறேங்கறாரு. நீங்க வந்து சொல்வீங்களா?"

"இதென்ன கேள்வி? முப்பது வருஷமாச் சொல்லிட்டுத்தானே இருக்கேன்!"

"எனக்கு வேற யாரும் இல்லண்ணே. கல்லுல பேரு வந்துட்டா என் பொண்ணு பள்ளிக்கூடத்துல தலை நிமிந்து நடக்கும்."

"தைரியமாப் போ. பேரை வெட்ட வச்சிட்டுத்தான் மறுவேலை."

அந்த வாரம் முழுக்க வீட்டில் ஒத்திகை பார்த்தேன். ஒவ்வொரு முறையும் இன்னும் நன்றாக வந்தது. அவர் நடந்த நடை, வாங்கிய மூச்சு, அதிகாரியின் குரல் எல்லாம் சேர்த்துச் சொன்னேன். தெசங்கா பீன்ஸ் உடைத்துக்கொண்டே கேட்டாள்.

"முன்னாடியெல்லாம் ரெண்டு வரியில முடிச்சிருவீங்களே. இதெல்லாம் எப்போ பாத்தீங்க?"

"ஞாபகம் வர வரத்தானேடி சொல்ல முடியும்" என்றேன். அவள் அடுத்த பீன்ஸை எடுத்து உடைத்தாள்.

வியாழக்கிழமை காலை பத்து மணிக்குக் கலாசார மண்டபத்தின் பின் அறையில் விசாரணை. வூகாஷினும் இரண்டு உறுப்பினர்களும் மேஜைக்குப் பின்னால் உட்கார்ந்து புகை விட்டுக்கொண்டிருந்தார்கள். யாகோதா சுவரோரம் நாற்காலி நுனியில் உட்கார்ந்திருந்தாள்.

"சொல்லு ரதோயே" என்றார் வூகாஷின். "பாத்ததை மட்டும் சொல்லு. தபாலைப் பிரிச்சுப் படிக்காமக் குடுப்பேல்ல, அந்த மாதிரி."

"தோழர் தலைவரே, ஒப்ரென் மில்லுல இருந்து இறங்கி வந்தாரு. முழங்கால் வரைக்கும் பனி..."

"ஜூன் மாசத்துலயா?"

உறுப்பினர்கள் சிரித்தார்கள். எனக்குக் காது சூடானது. "புல்லுங்க, புல்லு. வாய் தவறிடுச்சு. முழங்கால் வரைக்கும் புல்லு. வந்து அதிகாரி முன்னாடி நின்னாரு. மூச்சு வாங்குச்சு. நெத்தியில நரம்பு துடிச்சுது. 'எங்கே?'ன்னான் அதிகாரி. ஒப்ரென் அவனை நேராப் பாத்தாரு. வலது கையைத் தூக்கி, விரலை நீட்டி, மேல் பாதையைக் காட்டினாரு. சத்தியமா என் கண்ணால பாத்தேன்."

நன்றாகச் சொல்லிவிட்டேன் என்றுதான் நினைத்தேன். ஓர் உறுப்பினர் தலையாட்டிக்கொண்டே எழுதிக்கொண்டார். நன்றியை எதிர்பார்த்து யாகோதா பக்கம் திரும்பினேன். அவள் முகத்தில் ரத்தமே இல்லை.

"எந்தக் கைண்ணே?"

"வலது கை."

"எங்கப்பாவுக்கு வலது கை கிடையாதேண்ணே."

சாலோனிக்கா போர்முனையில், முதல் உலகப் போரில், முழங்கையோடு போன கை அது. சட்டைக் கையை மடித்து ஊக்குக் குத்தியிருப்பார். மூட்டையை இடது கையாலும் பல்லாலும் பிடித்துத் தூக்குவார். சின்னப் பையன்கள் நாங்கள் அந்த வெறும் சட்டைக் கையை இழுத்துவிட்டு ஓடுவோம், அவர் மாவை அள்ளி எங்கள் தலையில் வீசுவார். எனக்குத் தெரியும். வூகாஷினுக்கும் தெரியும். மேஜைக்குப் பின்னால் இருந்த மூன்று பேரும் அந்த மில்லில் போய் நின்றவர்கள்தான். நான் சொன்னபோது ஒருவருக்குமே உறுத்தவில்லை. வூகாஷின் தன் வலது கையை மேஜைக்கு அடியில் இழுத்துக்கொண்டார்.

"படம் எடுக்க வந்தப்பவே அந்த டைரக்டர்கிட்டச் சொன்னேன்" என்றாள் யாகோதா. "'அப்போ இது உங்கப்பா இல்லையேம்மா, உனக்கென்ன வருத்தம்'னு சிரிச்சாரு. ஊர்லயும் சொல்லிப் பாத்தேன், யாரும் காதுல வாங்கல. நீங்க மறந்திருக்க மாட்டீங்கன்னு நினைச்சேன்."

வூகாஷின் தொண்டையைச் செருமினார். "இடது கையாத்தான் இருக்கும் ரதோயே. பதட்டத்துல மாத்திச் சொல்லிட்டே. இடதுன்னு சொல்லிடு, எழுதிக்கிறோம். இன்னிக்கே கல்லுக்காரனுக்குச் சொல்லி விட்டுடறேன்."

அவர் கெட்டவர் இல்லை. அவருக்கும் அவமானமாக இருந்திருக்கும். ஒரு வார்த்தை சொன்னால் போதும், ஒப்ரென் பெயர் கல்லில் ஏறிவிடும். சொல்வதற்கு முன் ஒரு முறையாவது அதைப் பார்த்துவிட்டுச் சொல்லலாம் என்று கண்ணை மூடினேன். மரத்தைக் காணவில்லை. நான் கீழே நின்றுகொண்டிருந்தேன், அதிகாரிக்குப் பக்கத்தில், சாம்பல் நிற உடுப்பில். அந்த மரத்திலிருந்து பாதை நானூறு தப்படி தூரம். அங்கிருந்து பார்த்தால் ஆள் தீக்குச்சி உயரம்தான் தெரிவான். நெற்றி நரம்பு எங்கே தெரியும்? 'எங்கே?' என்று கேட்டது எப்படிக் காதில் விழும்? நான் சொன்னதில் ஒன்றுகூட நான் பார்த்ததில்லை. எனக்கு என் மேலேயே அருவருப்பாக இருந்தது. இருந்தாலும் அவளுக்காகச் சொல்லிவிடலாம் என்று வாயைத் திறந்தேன்.

"இட..."

"வேணாம்ணே." யாகோதா எழுந்துவிட்டாள். "அவரு எடுத்துக் குடுத்து நீங்க சொன்னா, அதுவும் சினிமாதான். அதை வச்சு எங்கப்பா பேரை வெட்ட வேணாம்."

"உக்காரும்மா, உன் நல்லதுக்குத்தானே..." என்றார் வூகாஷின்.

அவள் மேஜையிலிருந்த மனுவை எடுத்து நான்காக மடித்துக் கோட்டுப் பைக்குள் வைத்துக்கொண்டு வெளியே போனாள். நான் தொப்பியைக்கூட எடுக்காமல் பின்னால் ஓடினேன். பாலத்தருகே அவளைப் பிடித்தேன். அவள் என்னைத் திட்டட்டும், ஓர் அறைகூட விடட்டும் என்று நின்றேன்.

"கை போகட்டும்ணே" என்றாள். "ஒண்ணு கேக்கறேன், உண்மையைச் சொல்லுங்க. எங்கப்பா மூஞ்சி உங்களுக்கு ஞாபகம் இருக்கா? எனக்கு அப்போ மூணு வயசு. போட்டோவெல்லாம் வீட்டோட எரிஞ்சிடுச்சு. அம்மாவும் போயிட்டாங்க."

எனக்கு ஞாபகம் இருந்தே ஆக வேண்டும். தினமும் பார்த்த முகம். என் தலையில் மாவு வீசிய முகம். தேடித் தேடிப் பார்த்தேன். வந்தது ஒரே முகம்தான். பனி ஒட்டிய புருவம், துடிக்கும் நரம்பு, நாடே கொண்டாடும் அந்தக் கண்கள். ஏதாவது ஒரு பொய்யைச் சொல்லலாம், மூக்கு நீளம், மீசை நரைத்திருந்தது என்று.

அவள் என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள். "உங்களுக்கும் அந்தாள்தானா?" என்றாள்.

நான் தலையைக் குனிந்துகொண்டேன்.

"எனக்கும் அவன்தாண்ணே வர்றான். முன்னாடி ஒண்ணுமே வராது, பரவால்லன்னு இருந்தேன். இப்போ கல்லறையில மெழுகுவத்தி ஏத்திட்டு, அப்பான்னு கண்ணை மூடினா, அந்தக் காட்டிக்குடுத்தவன் மூஞ்சிதான் வந்து நிக்குது. மூணு வருஷமா அவன் மூஞ்சியை நினைச்சுத்தான் அழுதுட்டு வர்றேன்."

சொல்லிவிட்டு மில்லைப் பார்த்து நடந்தாள்.