அண்ணி அழித்த பதினேழு மோட்கள்

என் நாத்தனாருக்கு வீட்டில் கொத்தனார் என்று பெயர். என் கணவர் வைத்தது. மூன்று வருடமாக ஹாலில் இருக்கும் கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்து, ஒரு கட்டுமான விளையாட்டுக்குள் பழைய துறைமுக ஊர் ஒன்றைக் கட்டிக்கொண்டிருக்கிறாள். ஜெயிப்பதும் தோற்பதும் இல்லாத விளையாட்டு அது. மண்ணையும் கல்லையும் கொடுத்துவிடுவார்கள், இஷ்டத்துக்குக் கட்டிக்கொள்ளலாம். "வேலை தேடுற வயசுல செங்கல் அடுக்கிட்டிருக்கியே" என்று நான் திட்டாத வாரம் கிடையாது. பத்து நாள் முன்பு, "ஒரு நாள் இந்தக் கருமத்த நானே அழிச்சுடப் போறேன் பாரு" என்றும் கத்திவிட்டேன். என் நாக்கு அப்படி.

அந்த ஊரின் படங்களைப் பார்த்துத்தான் ஓர் அருங்காட்சியகம் அவளை நேர்காணலுக்குக் கூப்பிட்டது. வருகிறவர்கள் உள்ளே நடந்து பார்க்கிற மாதிரி பழைய ஊர்களைக் கம்ப்யூட்டரில் கட்டித்தர ஆள் வேண்டுமாம். சனிக்கிழமை மதியம் மூன்று மணிக்கு வீடியோவில் வரவேண்டும், ஊரைச் சுற்றிக் காட்ட வேண்டும். எத்தனையோ விண்ணப்பம் போட்டு, முதன்முறையாக ஓர் இடத்திலிருந்து வந்த அழைப்பு.

இரண்டு மணிக்குத் துண்டைத் தோளில் போட்டுக்கொண்டு குளிக்கக் கிளம்பினாள்.

"அண்ணி, ஊரைத் தொறந்து மட்டும் வைக்கிறீங்களா? லோட் ஆக பத்து நிமிஷம் எடுக்கும்."

"போ போ, நான் பாத்துக்குறேன்."

சொடுக்கினேன். ஊர் வரவில்லை. கறுப்பாக ஒரு பெட்டிதான் வந்தது. இந்த உலகத்துக்குத் தேவையான பதினேழு மோட்களைக் காணவில்லை, தொடர்ந்தால் அவற்றால் வைக்கப்பட்ட பொருட்கள் நிரந்தரமாக நீக்கப்படும், தொடரலாமா என்று கேட்டது. கீழே 'ஆம்', 'இல்லை' என்று இரண்டு பொத்தான்கள். மோட் என்றால், விளையாட்டோடு வராத கூரை, விளக்கு மாதிரியானவற்றை வெளியிலிருந்து இறக்கிச் சேர்த்துக்கொள்கிற கோப்பு.

பதினேழு என்ற எண்ணைப் பார்த்ததுமே எனக்குப் புரிந்துவிட்டது. காலையில் பதினேழு கோப்புகளைத் தூக்கிப் போட்டவள் நான்தான்.

நல்ல எண்ணத்தில்தான் செய்தேன். கம்ப்யூட்டர் ஆமையாக நகர்கிறதே, நேர்காணலின் நடுவில் நின்றுவிட்டால் என்ன ஆகும் என்று சுத்தம் செய்ய உட்கார்ந்தேன். ஆஸ்பத்திரி மருந்தகத்தில் பதினோரு வருடமாக வேலை பார்க்கிறேன். அலமாரியைத் திறந்தால் கை தானாகத் தேதி போனதை எடுத்துவிடும். விளையாட்டின் கோப்புறைக்குள் 'மோட்ஸ்' என்ற பெட்டியில் அறுபத்தொரு கோப்புகள் இருந்தன. சிலவற்றுக்கு நாலு வருடத்துக்கு முந்தைய தேதி. சிலவற்றில் ஒரே பெயர் இரண்டு தடவை, கடைசியில் பதிப்பு எண் மட்டும் வேறு. பழையதையெல்லாம் எடுத்துப் போட்டேன். போட்டதோடு விட்டேனா? குப்பைத் தொட்டியையும் காலி செய்தேன். எதையும் அரைகுறையாகச் செய்து எனக்குப் பழக்கமில்லை.

என் கணவர் தோளுக்குப் பின்னாலிருந்து எட்டிப் பார்த்தார். லிஃப்ட் பழுது பார்க்கிறவர். பொத்தானை அழுத்தினால்தான் எது கெட்டிருக்கிறது என்று தெரியும் என்பது அவர் தொழில் தர்மம்.

"ஆம்னு குடு. என்னதான் ஆகுதுன்னு பாப்போம்" என்று மவுஸில் கை வைத்தார்.

சுள்ளென்று ஓர் அடி போட்டேன். "கைய எடுங்க! நிரந்தரமான்னு போட்டிருக்கான், கண்ணு தெரியலையா?"

'இல்லை'யை அழுத்தி வெளியே வந்தேன். முதல் காரியமாக அவளுடைய உலகம் இருந்த கோப்புறையை அப்படியே நகல் எடுத்து வைத்தேன். அப்புறம்தான் காலையில் என்ன செய்தேன் என்று அவரிடம் சொன்னேன். அவர் முகம் போன போக்கைப் பார்க்க முடியவில்லை.

குளியலறையில் தண்ணீர் கொட்டும் சத்தம் கேட்டுக்கொண்டிருந்தது. அது நிற்பதற்குள் கண்டுபிடிக்க வேண்டும். விளையாட்டுக்குள் மோட்களின் பட்டியல் ஒன்று இருந்தது. இருக்கிற நாற்பத்து நான்கைத்தான் அது காட்டியது, இல்லாததை எப்படிக் காட்டும்? கோப்புறைகளை ஒவ்வொன்றாகத் திறந்துகொண்டே போனேன். ஒன்றில் தினசரிப் பதிவுகள் இருந்தன. விளையாட்டு ஒவ்வொரு முறை தொடங்கும்போதும் எந்தெந்த மோட், எந்த எண் என்று எழுதி வைக்கிறது. நேற்று மாலைப் பதிவில் அறுபத்தொன்றும் வரிசையாக இருந்தன. மருந்துச் சீட்டு கிடைத்துவிட்டது, இனி மருந்து எடுக்க வேண்டியதுதான்.

"நீங்க பேரை வாசிங்க, எண்ணையும் சேத்து வாசிங்க" என்றேன். அவர் வாசித்தார், நான் இணையத்தில் தேடினேன். ஓட்டுக்கூரை மோட் கிடைத்தது. கயிறும் பாய்மரமும் கிடைத்தன. கல்தரை, விளக்கு, படகுத்துறை என்று ஒவ்வொன்றாக இறங்கின. பன்னிரண்டு வந்ததும் திறந்து பார்த்தால் பட்டியலில் இரண்டு சிவப்பாக நின்றன. அவற்றுக்கு அடிப்படை மோட் ஒன்றின் பழைய எண்தான் வேண்டுமாம், நான் விட்டு வைத்திருந்த புதியது ஆகாதாம். ஒரே பெயர் என்பதற்காக ஐந்து மில்லிகிராமையும் ஐம்பது மில்லிகிராமையும் ஒன்று என்று நினைக்கிற ஆளை நான் வேலையை விட்டே அனுப்பியிருப்பேன். பழையதைத் தேடிப் பிடித்துப் போட்டு, புதியதை அணைத்தேன். சிவப்பு போனது. மீதியையும் இறக்கியதும் பதினாறு ஆயிற்று.

பதினேழாவது ஜன்னல். எண் பூஜ்யம் புள்ளி ஒன்பது. எங்கே தேடியும் அப்படி ஒன்று இல்லை. பெயரை மாற்றி மாற்றிப் போட்டுப் பார்த்தேன், ஏழெட்டு ஜன்னல் மோட்கள் வந்தன, எதுவும் அது இல்லை. மணி இரண்டு முப்பத்தெட்டு.

தண்ணீர் சத்தம் நின்றது.

"கேம் தானா அப்டேட் ஆயிடுச்சுன்னு சொல்லிடலாம்" என்றார் மெதுவாக. "யாருக்குத் தெரியப் போகுது?"

பொய் சொல்லிவிடலாமா என்று எனக்கும் தோன்றியது. உண்மையைச் சொன்னால் அவள் நம்ப மாட்டாள் என்றுதான் பயந்தேன். அழிச்சுடப் போறேன் என்று வாய்விட்டுச் சொன்னவள் நான். சொன்ன பத்தாவது நாள், அதுவும் நேர்காணலன்று காலை, அழித்துமிருக்கிறேன். தற்செயல் என்று எந்த நாத்தனார் நம்புவாள்? அந்த இடத்தில் நானாக இருந்தால் ஊரைக் கூட்டியிருப்பேன். உண்மையிலேயே பயமாக இருந்தது.

இஸ்திரி போட்ட சட்டையின் கைப்பொத்தானைப் போட்டுக்கொண்டே வந்தாள். திரையில் ஊர் இல்லாததைப் பார்த்து நின்றாள்.

"நான்தான் அழிச்சேன்" என்றேன். "காலைல சுத்தம் பண்றேன்னு பதினேழு மோட் போயிடுச்சு. பதினாற மறுபடி எறக்கிட்டேன். ஜன்னல் மட்டும் கிடைக்கல. எங்கேர்ந்து எறக்கினன்னு சொல்லு, இப்பவே எறக்கிடுறேன்."

அவள் சண்டை போடவில்லை. போட்டிருந்தால் நான் பதிலுக்குப் போட்டிருப்பேன், எனக்கும் லேசாக இருந்திருக்கும்.

"எங்கேயும் கிடைக்காது அண்ணி. அது நான் எழுதினது" என்றாள். "அந்தக் காலத்து மரச்சட்ட ஜன்னல் எதுலயும் இல்ல. அதனால நானே உக்காந்து புரோகிராம் எழுதினேன். அஞ்சு மாசம் ஆச்சு."

"வேற எங்கயாவது வெச்சிருக்கியா?"

"இல்ல."

மூன்று வருடமாக அவளுக்குப் பின்னால் துணி மடித்துக்கொண்டும் திட்டிக்கொண்டும் நடந்திருக்கிறேன். அவள் விளையாட்டையே எழுதுகிறாள் என்று தெரியாது. கேட்டதும் இல்லை.

அவள் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள். நான் எடுத்த நகலைப் பார்த்தாள். "அசல்ல கை வைக்கலையே?" என்று கேட்டாள். இல்லை என்றேன். "அப்ப சரி. மறுபடி எழுதிப் போட்டா ஜன்னல் எல்லாம் இருந்த எடத்துலயே வந்துடும்." அதற்கு ஆகும் மாதங்களைப் பற்றி அவளும் பேசவில்லை, நானும் பேசவில்லை. நகலைத் திறந்தாள். அதே கறுப்புப் பெட்டி வந்தது, இந்த முறை ஒன்றுதான் காணவில்லை என்றது. ஒரு விநாடி அதையே பார்த்துவிட்டு 'ஆம்' என்று அழுத்தினாள்.

ஊர் வந்தது. கூரை, படகு, தெரு எல்லாம் வந்தன. இருநூற்றுப் பதினான்கு வீடுகள், ஒன்றிலும் ஜன்னல் இல்லை. சுவரில் சதுரம் சதுரமாக ஓட்டை. பல் போன வாய் மாதிரி இருந்தது.

மூன்று மணிக்கு எங்களை அடுக்களைக்கு அனுப்பிவிட்டாள். கதவு இல்லாத அடுக்களை, எல்லாம் கேட்கும். கண்ணாடி போட்ட ஓர் அம்மாளும் இன்னும் இரண்டு பேரும் திரையில் இருந்தார்கள். இவள் துறைமுகத்திலிருந்து தெருவுக்குள் கூட்டிப் போனாள். கல் எந்த வரிசை, கூரை எவ்வளவு சரிவு என்று தயங்காமல் சொன்னாள். அந்த அம்மாள் இடைமறித்தார்.

"நீங்க அனுப்பின படத்துல ஜன்னல் இருந்துச்சே? இங்க வெறும் ஓட்டையா இருக்கு."

இவள் அவசரமாகச் சொன்னாள்.

"அது... ஜன்னல் வேலை இன்னும் முடியல மேடம்."

"மூணு வருஷமா பண்றேன்னு எழுதியிருக்கீங்க. இன்னுமா முடியல?"

நான் அடுக்களையை விட்டுக் கிளம்பினேன். என் கணவர் என் கையைப் பிடித்தார். உதறிவிட்டு ஹாலுக்குப் போய்க் கேமரா முன்னால் குனிந்தேன். தலை கலைந்திருந்தது, நைட்டியில் வேறு இருந்தேன்.

"அவ எப்பவோ முடிச்சுட்டா மேடம். அந்த ஜன்னல் மோட் அவளே எழுதினது. இன்னிக்குக் காலைல நான்தான் பழைய ஃபைல்னு நெனச்சு அழிச்சுட்டேன். அவ மேல தப்பில்ல."

மூன்று பேரும் என்னைப் பார்த்தார்கள்.

"நீங்க யாரும்மா?"

"இவளோட அண்ணி."

அந்த அம்மாள் கண்ணாடியைக் கழற்றினார். எத்தனை வீட்டு அண்ணி நாத்தனார் கதையைப் பார்த்தவரோ, சிரிக்காமல் கேட்டார்.

"தெரியாமத்தான் அழிச்சீங்களா?"

என்ன சொன்னாலும் பொய் மாதிரிதான் இருக்கும்.

"தெரியாமத்தான் மேடம்" என்றாள் என் நாத்தனார், திரையிலிருந்து கண்ணை எடுக்காமல். "எங்க அண்ணி வேணும்னு செஞ்சிருந்தா ஊர்ல ஒரு கல்லுகூட மிஞ்சியிருக்காது."