தண்ணீர் வசனம்

மதுரையிலிருந்து வரவேண்டிய படப்பெட்டி அன்றைக்கும் வந்து சேரவில்லை. திண்டுக்கல் டூரிங் கொட்டகை முதலாளி பக்ருதீன் அதற்கெல்லாம் அசருகிற ஆளில்லை. அவர் கைவசம் ஒரு பழைய ஊமைப்படம் இருந்தது. பைத்தியக்கார ஆஸ்பத்திரியில் ஒரு டாக்டர் நோயாளிகளைக் குழாய்த் தண்ணீரால் அடித்து விரட்டும் சிரிப்புப் படம். திரைக்குப் பக்கத்தில் தகரக் குழலோடு நின்று எல்லோருக்கும் சேர்த்துப் பேச ஸ்தனிஸ்லாஸ் இருந்தான்.

"ஏலே, உன் தண்ணி வசனத்துக்குன்னே கூட்டம் வருது" என்பார் முதலாளி.

அது அவன் சொந்தச் சரக்கில்லை. பிள்ளை செத்துப் பிறந்ததில் அவன் தங்கை இன்னாசியம்மாளுக்குச் சித்தம் கலங்கிப்போனது. வைத்தியர் ஒருவர் அவளைக் கொல்லையில் உட்காரவைத்துக் குடம் குடமாகத் தலையில் ஊற்றினார். அவள் கதறியதைத்தான் இவன் கொட்டகையில் விற்றான். கூடப்பிறந்தவளின் அழுகையை! வயிற்றுப்பாடு என்று தனக்குத்தானே சமாதானம் வேறு.

இப்போது அவள் தேறியிருந்தாள். இரண்டு வருஷமாக எட்டிப் பார்க்காத அவள் புருஷன் அன்று காலைதான் வந்திருந்தான். கூட்டிப்போவதா வேண்டாமா என்று இன்னும் வாய் திறக்கவில்லை. "சினிமாவுக்கு வாரோம் மச்சான்" என்று அவன் சொன்னபோது ஸ்தனிஸ்லாஸுக்கு நெஞ்சு குளிர்ந்தது. பெட்டி வராமல் இந்தப் படம்தான் ஓடும் என்று அப்போது யார் கண்டது?

மணல் தரையில் ஆண்கள் ஒருபுறம், பெண்கள் ஒருபுறம். விளக்கு அணையுமுன் இருவரையும் பார்த்துவிட்டான். திரையில் டாக்டர் குழாயைத் தூக்கினார். மீசைக்கார நோயாளி நனைந்தபடி வாயசைத்தான். ஸ்தனிஸ்லாஸ் பேசவில்லை.

"தண்ணி வசனம் எங்கண்ணே?" கூட்டம் கத்தியது. விசில் பறந்தது. முதலாளி முறைத்தார். பாழாய்ப்போனவன், குழலை வாயில் வைத்தான்.

"ஊத்தாதீங்க சாமி! நான் சரியாயிட்டேன்! இனிமே பிள்ளையக் கேக்கவே மாட்டேன்!"

கொட்டகையே குலுங்கிச் சிரித்தது. பெண்கள் பக்கம் இன்னாசியம்மாள் எழுந்து, இரண்டு கையாலும் தலையை மூடிக்கொண்டு அதே வார்த்தைகளை அலறினாள். இதுவும் படத்தோடு சேர்த்தி என்று ஜனங்கள் இன்னும் சிரித்தார்கள். புருஷன் மட்டும் சிரிக்கவில்லை. துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு வெளியேறினான். ஸ்தனிஸ்லாஸ் ஓடிப்போய் அவன் கையைப் பிடித்தான்.

"விடுங்க மச்சான். அவளுக்கு இன்னும் தெளியல." கையை உதறிவிட்டு பஸ் ஏறிப் போய்விட்டான்.

திரும்பி வந்தபோது அவள் கொட்டகைக்கு வெளியே நின்றிருந்தாள். அழுகை ஓய்ந்திருந்தது. முகம் தெளிவாகத்தான் இருந்தது.

"எனக்கு ஊத்துன அன்னைக்கு வெளியூரு போயிருந்தேன்னு சொன்னியேண்ணே" என்றாள். "நான் கத்துனது அம்புட்டும் உனக்குக் கேட்டுச்சா?"