ஈரக் கை

பாகு நுரைத்துச் சட்டியின் விளிம்புக்கு வருகிற நேரம் பார்த்துத்தான் பேக்கரி முதலாளி இனாயத்துல்லா பாய் அதைச் சொன்னார்.

"முருகம்மா, மாட்டுங்கா காப்பிக் கடைக்குப் போற தட்டுக்கு இன்னைல இருந்து பாகு தடவாண்டாம். வெறும் பன்னாவே போவட்டும்."

சொல்லிவிட்டுச் சட்டென்று அடுப்புப் பக்கம் திரும்பிக்கொண்டார். சீனித் தட்டுப்பாடுதான் காரணம் என்று முருகம்மாள் நினைத்தாள். சீனச் சண்டை முடிந்து மறு வருஷம் அது. சீனிக்காக ரேஷன் கடையில் நின்று நின்று தாராவிப் பெண்களுக்குக் கால் வீங்கியது. பேக்கரியிலும் பாதிச் சீனி, பாதி வெல்லம் என்றுதான் ஓடிக்கொண்டிருந்தது. "சீனி தீந்துட்டா மொதலாளி? முழுக்க வெல்லத்துலயே காய்ச்சிருதேன், ருசி ஒண்ணும் கொறையாது" என்றாள். பாய் காலியாகக் கிடந்த ஒரு தட்டை எடுத்து, வைத்த இடத்திலேயே திரும்ப வைத்தார்.

அவளுக்கு அந்த வேலை பிடித்திருந்தது. ஊரில் நாற்று நட்டிருக்கிறாள், பம்பாய்க்கு வந்த புதிதில் தோல் கிடங்கில் மயிர் சுரண்டியிருக்கிறாள். எந்த வேலையையும் அவள் பிடித்துச் செய்ததில்லை. இது வேறு. விடிவதற்கு முன்பே வந்து சட்டியில் சீனியும் வெல்லமும் போட்டுத் தண்ணீர் ஊற்றுவாள். ஏலக்காய் அரிசியெல்லாம் நான்கட்டாய் பிஸ்கட்டுக்குப் போய்விடும். மிஞ்சுகிற தோலைப் பாகில் போடுவாள், கூடவே தட்டிய சுக்கும் கிராம்பும். வெல்லம் கரைந்ததும் துணியில் வடிகட்டி, மறுபடி கொதிக்கவைத்து, ஆறினதும் சீனி பூத்துப்போகாமல் இருக்க எலுமிச்சம்பழம் கொஞ்சம் பிழிவாள். இரண்டு விரலுக்கு நடுவில் தொட்டால் ஒட்ட வேண்டும், கம்பி இழுக்கக் கூடாது. அந்தப் பதத்தில் இறக்கி, அடுப்பிலிருந்து சூட்டோடு வருகிற பன்னில், துணி சுற்றிய குச்சியால் தடவுவாள். வெளிறிக் கிடந்த பன் அந்தக் கணமே எண்ணெய் தேய்த்த குழந்தையின் முகம் போலப் பளபளக்கும். சுக்கு வாசம் தெருவரைக்கும் போகும். வேலைக்குப் போகிறவர்கள் அந்த வாசத்துக்கே ஒரு கணம் நின்றுவிட்டுப் போவார்கள்.

"சீனி இல்ல காரணம்" என்றார் பாய் கடைசியாக. அவர் மேலப்பாளையத்துக்காரர். அவளைப் போலவே திருநெல்வேலி ஜில்லா. "காப்பிக் கடை பிரம்மநாயகம் சொல்லி அனுப்பிட்டாரு. எனக்கு அதெல்லாம் கெடையாது, ஒனக்கே தெரியும். அவரு கடைக்கு வாரவுக எல்லாம் நம்ம ஊர்க்காரவுக. நெருப்புல வெந்ததுக்குத் தோசமில்லையாம். பன்னு அடுப்புல வேவுது, யாரு சுட்டா என்னன்னு வாங்கிக்கிடுதாரு. பாகு அதுக்குப் பொறவுல்லா தடவுதோம்? ஈரக் கை படுதுங்காரு."

"என் கை எங்க மொதலாளி படுது? குச்சியிலதான தடவுதேன்?"

வாயை விட்டுப் போன பிறகுதான் என்ன சொன்னோம் என்பது அவளுக்கு உறைத்தது. என் கை படவில்லை, ஆகவே உங்கள் பண்டம் கெடவில்லை என்றல்லவா சொல்லிவிட்டாள்? பட்டால்தான் என்ன? பட்டால் என்னடா என்று கேட்டிருக்க வேண்டிய வாய், படவில்லை என்று கெஞ்சிவிட்டது. பிரம்மநாயகத்தின் மீது வந்ததைவிடப் பெரிய கோபம் தன் வாயின் மீது வந்தது. சட்டியில் பாகு பொங்கி அடுப்பில் வழிந்து கரிந்தது. கொட்டினால் கொட்டட்டும் என்று நின்றாள்.

யார் சொல்லியிருப்பார்கள் என்று யோசிக்க வேண்டிய தேவையே இல்லை. அவளேதான் சொன்னாள். போன வாரம் சைக்கிள்காரன் வராததால் பன் கூடையை அவள் மாட்டுங்காவுக்குத் தலையில் சுமந்துகொண்டு போனாள். கடைக்குப் பின்னால் மாவாட்டிக்கொண்டிருந்த பிரம்மநாயகத்தின் மனைவி மீனாட்சியம்மாள், அவள் பேச்சைக் கேட்டதும் குழவியை நிறுத்திவிட்டாள். "நம்மூருப் பேச்சால்லா இருக்கு! எந்த ஊரு தாயி ஒனக்கு?" இந்தியும் மராட்டியும் கேட்டுக் கேட்டு அலுத்த காதுக்கு அந்தத் 'தாயி' வெல்லக்கட்டியாக இருந்தது. நாங்குநேரிக்குத் தெற்கே என்றாள் முருகம்மாள். அந்த அம்மாளுக்கும் அதே பக்கம்தான். காப்பி வந்தது. வைத்தியரின் பெயர், தேரோட்டம், போன வருஷத்து வெள்ளம் என்று பேச்சு ஓடியது. டம்ளர் பாதி காலியாகியிருந்தபோது அந்த அம்மாள் சிரித்த முகம் மாறாமல் கேட்டாள்: "கோயிலுக்கு மேக்கேயா, கெழக்கேயா?"

"கெழக்க. கொளத்துக்கு அந்தப் பக்கம்."

குளத்துக்கு அந்தப் பக்கம் யார் குடியிருப்பார்கள் என்று அந்த ஜில்லாவில் பால்குடிப் பிள்ளைக்கும் தெரியும். மீனாட்சியம்மாள் மறுபடி குழவியைப் பிடித்தாள். "டம்ளர அப்பிடியே கீழ வச்சிரு" என்றாள். அவ்வளவுதான். பம்பாயில் யாரும் தெருவைக் கேட்கமாட்டார்கள் என்று சொல்லித்தான் அய்யாத்துரை அவளைக் கட்டிக் கூட்டிவந்தான்.

சாயங்காலம் அய்யாத்துரை வந்ததும் அவனிடம் எல்லாவற்றையும் கொட்டினாள். மாட்டுங்கா ரயில்வே ஒர்க்ஷாப்பில் அவனுக்கு வேலை. மசகு எண்ணெய் படிந்த கையை மண்ணெண்ணெயால் துடைத்துக்கொண்டே கேட்டான். கடையின் பெயரைச் சொன்னதும் துடைப்பதை ஒரு கணம் நிறுத்தினான்.

"விட்டுரு" என்றான்.

"எத விட?"

"மத்த கடைக்கெல்லாம் நீதான தடவுத? ஒரு தட்டுதான போச்சி? பொழைக்க வந்த எடத்துல எதுக்கு ஊர்ச் சண்ட?"

"ஊர்ச் சண்டைய நானா பொட்டியில வச்சிக் கொண்டாந்தேன்? அவியதான் கொண்டாந்திருக்காவ."

"ஏட்டி, சொன்னாக் கேளு. அந்தக் கடைப் பக்கம் நீ போவாத. போவப்படாது."

அவன் குரலில் இருந்த அவசரத்தைப் பயம் என்று எடுத்துக்கொண்டாள். பயந்தவனிடம் என்ன பேசுவது? சோற்றுத் தட்டை அவன் முன்னால் நகர்த்தினாள். நகர்த்திய வேகத்தில் குழம்பு தரையில் சிந்தியது.

அதன் பிறகு தினமும் மாட்டுங்காவுக்கு ஒரு தட்டு வெறும் பன் போயிற்று. மற்றப் பன்கள் பளபளவென்று அடுக்கில் இருக்க, அந்தத் தட்டு மட்டும் சாம்பல் பூத்தது போல ஓரமாக இருக்கும். அதைப் பார்க்கும்போதெல்லாம் அவள் கை தானாக வேகம் பிடித்தது. மற்றப் பன்களில் அறைவது போலத் தடவினாள். பாயின் மகள் சாயிரா கேலி பேசினால்கூடச் சிரிப்பு வரவில்லை.

ஒரு நாள் காலையில் பாய் முகம் மலர்ந்து வந்தார்.

"முருகம்மா, நல்ல சேதி. வெறும் பன்னு யாருக்கும் எறங்கலயாம். பிரம்மநாயகம் ஒத்துக்கிட்டாரு. பாகு நீயே காய்ச்சலாம். கொதிக்கில்லா? கொதிச்சாத் தோசமில்லன்னுட்டாரு. தடவ மட்டும் நம்ம சாயிரா வரட்டும். ஒனக்கு வேலையும் மிச்சம்."

அவர் உண்மையாகவே சந்தோஷப்பட்டார். அதுதான் அவளால் தாங்க முடியாததாக இருந்தது. ஒரு பெரிய சிக்கலைத் தீர்த்துவைத்த நிறைவு அந்த முகத்தில் இருந்தது. சாயிரா ஒன்றும் புரியாமல் குச்சியைக் கையில் வைத்துக்கொண்டு நின்றாள். எவ்வளவு கணக்காகப் பிரித்திருக்கிறார்கள்! அவள் வேர்வை ஆகும், அவள் கைப்பக்குவம் ஆகும். கொதிக்கிற வரைக்கும் அவள் ஆவாள். ஆறினால் ஆகமாட்டாள்.

"சரி மொதலாளி" என்றாள்.

அன்றைக்குப் பாகை நிதானமாகவே காய்ச்சினாள். பதம் பார்த்து இறக்கி, தூக்குவாளியில் ஊற்றி மூடினாள். சைக்கிள்காரன் பன் தட்டோடு மாட்டுங்காவுக்குக் கிளம்பியதும், வாளியைத் தூக்கிக்கொண்டு பின்னாலேயே நடந்தாள். "ஏ முருகம்மா, எங்க போற? சாயிரா இங்கல்லா இருக்கா?" என்று பாய் கத்தியது தெருத் திரும்பும் வரை கேட்டது. வாளி தொடையில் இடித்துச் சுட்டது. சாக்கடைப் பாலம், ரயில்வே தண்டவாளம், மரத்தடி மார்க்கெட் எல்லாம் தாண்டியும் கோபம் ஆறவில்லை. நடக்க நடக்கப் பாகு இறுகுவது போல அதுவும் இறுகித்தான் வந்தது.

காலை ஷிப்டுக்குப் போகிறவர்களால் கடை நிறைந்திருந்தது. சைக்கிள்காரன் இறக்கிவைத்த தட்டு, வாசல் நடையை ஒட்டிய மேஜையில் இருந்தது. திருநீற்று நெற்றியோடு காப்பி ஆற்றிக்கொண்டிருந்த பிரம்மநாயகம் அவளை அடையாளம் கண்டுகொள்ளவில்லை. அவள் தூக்குவாளியைத் திறந்தாள். குச்சி கொண்டுவரவில்லை. வலது கையை மணிக்கட்டு வரை பாகில் முக்கினாள். இன்னும் சூடாக இருந்தது. அந்தக் கையை அப்படியே எடுத்து முதல் பன்னில் வைத்து, ஒரு பக்கமும் விடாமல் வழித்துத் தடவினாள். பிறகு அடுத்தது. சுக்கு வாசம் கடைக்குள் பரவியதும் தலைகள் திரும்பின.

"ஏளா! யாரு நீ? என்ன செய்யுத?"

"பாகு தடவுதேன். போன பொங்கல்ல இருந்து நாந்தான் தடவுதேன். நீரும் தின்னீரு, ஒம்ம பொண்டாட்டி பிள்ளையளும் தின்னாவ. நாக்கு அழுவியா போச்சி? கொளத்துக்கு அந்தப் பக்கத்துக்காரி நான். பேரு முருகம்மா. நல்லாக் கேட்டுக்கிடுங்க எல்லாரும்."

பின்கட்டிலிருந்து மீனாட்சியம்மாள் எட்டிப்பார்த்துவிட்டு உள்ளே போனாள். பிரம்மநாயகம் மேஜையைச் சுற்றிக்கொண்டு ஓடிவந்தார். வந்த வேகத்தில் ஒரு முழத் தூரத்தில் நின்றுவிட்டார். பிடித்துத் தள்ள வேண்டும் என்று உயர்ந்த கை அப்படியே நின்றது. தள்ளினால் தொட வேண்டும். தட்டைப் பிடுங்கலாம் என்றால் அவள் விரல் அதன் மேல் இருந்தது. அது புரிந்ததும் முருகம்மாளுக்கு, அத்தனை கோபத்திலும், ஒரு சிரிப்பு தொண்டை வரைக்கும் வந்தது.

பிரம்மநாயகம் துணைக்கு ஆள் தேடுவது போல பெஞ்சில் இருந்தவர்கள் பக்கம் திரும்பினார். மூலையைப் பார்த்துக் கையை நீட்டினார்.

"பாத்தீயளா இந்த அநியாயத்த? நீங்களாவது கேளுங்க, அய்யாத்துரை அண்ணாச்சி!"

அவள் கை நின்றது. மூலை பெஞ்சில், ஒர்க்ஷாப் நீலச் சட்டையில், சுருட்டிய தமிழ்ப் பேப்பரைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு உட்கார்ந்திருந்தவன் அவள் புருஷன். நெற்றியில் வீட்டில் பூசாத திருநீறு பூசியிருந்தான். எதிரே, பழகின ஆளுக்கு வைப்பது போல, டவரா டம்ளரில் நுரை அடங்காத காப்பி. அண்ணாச்சி. விட்டுரு என்றது இதற்காகத்தானா? அந்தப் பக்கம் போகாதே என்றது அவளைக் காப்பாற்றவா, இந்த டம்ளரைக் காப்பாற்றவா? எத்தனை காலமாக இங்கே உட்கார்ந்து, எந்தத் தெருவைத் தன் தெரு என்று சொல்லிக் குடித்துக்கொண்டிருக்கிறான்? இவர் எம் புருஷன் என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும். அந்த வார்த்தை நாக்கு நுனியில் வந்து நின்றது. அவன் கண்கள் சொல்லாதே என்றன. சொல் என்றும் சொல்வது போல இருந்தது.

அவள் தட்டை எடுத்து இரு கையாலும் நீட்டினாள். முழங்கை வழியாகப் பாகு இழுபட்டு இறங்கிச் சேலையில் சொட்டியது.

"எடுத்துக்கிடுங்க, அண்ணாச்சி" என்றாள்.

கடை மொத்தமும் அவனைப் பார்த்தது. அய்யாத்துரை எழுந்தான். பெஞ்சு தரையில் உரசிக் கிறீச்சிட்டது. கக்கத்திலிருந்து பேப்பர் விழுந்ததை அவன் கவனிக்கவில்லை. பெஞ்சுகளுக்கு நடுவே இருந்த ஒடுங்கிய வழியில் நடந்துவர ஆரம்பித்தான். அவள் வாசல் நடையில் தட்டோடு நின்றாள். வெளியே போவதற்கும் அந்த வழிதான்.