முதல் படி எளிது

ஸ்டாஃப் ரூமில் அவளுக்குப் பெயர் புயல். அவள் பேச ஆரம்பித்தால் எதிரில் இருப்பவருடைய டீ ஆறிப்போகும். இரண்டாம் ஆண்டுக்கு டிஸ்க்ரீட் மேத்ஸ் புத்தகம் மாற்றப் போகிறோம், வந்திருக்கும் புதுப் புத்தகத்தை யாராவது படித்து மதிப்பீடு எழுதிக் கொடுங்கள் என்று துறைத்தலைவர் கேட்டபோது, மற்றவர்களுக்கெல்லாம் திடீரென்று போனில் அவசர வேலை வந்துவிட்டது. புயல் மட்டும் கையைத் தூக்கினாள்.

"நான் பண்றேன் சார்! டிஸ்க்ரீட்னா எனக்கு உசுரு!"

"உசுரெல்லாம் வேணாம்மா. புக்க முழுசா படிங்க, போதும்."

படித்தாள். படித்தாள் என்றுதான் அவளும் நினைத்தாள். கிராஃப் அத்தியாயத்தில் சந்தோஷம் தாங்காமல் தனியாகவே கை தட்டினாள். ஒரு விஷயம் எல்லா எண்ணுக்கும் உண்மை என்று நிரூபிக்கும் இண்டக்ஷன் அத்தியாயத்தில் பறந்தாள், எல்லாம் தெரிந்த கதைதானே. ஒரு எண்ணுக்கு உண்மை என்றால் அடுத்த எண்ணுக்கும் உண்மை என்று காட்டுவது இரண்டாவது படி. அதற்கு முன்னால், முதல் எண்ணுக்கு அது உண்மைதானா என்று பார்க்க வேண்டும். அதுதான் முதல் படி. புத்தகத்தில் போட்டுக் காட்டிய கணக்கு ஒவ்வொன்றும் "முதல் படி எளிது, மாணவர்களே செய்துகொள்க" என்றுதான் தொடங்கியது. அந்த வரி வரும்போதெல்லாம் அவள் மண்டை தானாகவே முதல் படியைப் போட்டுவிட்டு நகர்ந்தது. போட்டது அவளுக்கே தெரியவில்லை. பயிற்சிக் கணக்குகளைப் பார்த்தாள், தெரிந்தவைதான் என்று ஒன்றையும் போடவில்லை. "மிகத் தெளிவான நடை. மாணவர்கள் தாமாகவே படித்துப் புரிந்துகொள்ளலாம்" என்று மதிப்பீட்டில் எழுதினாள். துறைத்தலைவர் அதைக் கூட்டத்தில் வாசித்துப் பாராட்டினார். அதுவே பாடப்புத்தகம் ஆகிவிட்டது.

அதே புத்தகத்தை அவள் அக்காவும் வாங்கினாள். பள்ளிக்கூடம் முடிந்ததும் கல்யாணம், பிறகு இரண்டு பிள்ளைகள், அவர்கள் வளர்ந்த பிறகுதான் கல்லூரி, அதுவும் தங்கை வேலை பார்க்கும் இதே கல்லூரி; இப்போது இரண்டாம் ஆண்டு. தங்கையை நச்சரித்துப் படிக்கக் கூடாது என்பதில் அக்கா பிடிவாதமாக இருந்தாள். தங்கையின் வகுப்பு வேண்டாம் என்று அடுத்த பிரிவில் சேர்ந்தாள். அங்கே பாடம் எடுப்பவருக்கு மாணவர்கள் வைத்த பெயர் சிவப்பு மை. அவர் திருத்திய தாளைப் பார்த்தால் காரணம் புரியும்.

முதல் டெஸ்டில் சிவப்பு மை ஒரு பொறி வைத்திருந்தார். எந்த எண்ணானாலும், அதை அதனோடேயே பெருக்கி, மறுபடி அந்த எண்ணையே கூட்டினால் வருவது ஒற்றைப்படை. இது உண்மையா, பொய்யா? நிரூபி.

அன்று சாயங்காலம் புயல் அக்கா வீட்டுக்குப் போனபோது அக்கா துணி மடித்துக்கொண்டிருந்தாள். மடிப்பில் வேகம் அதிகமாக இருந்தது.

"உண்மைன்னு எழுதிட்டேன்டீ. அழகா, வரி வரியா. இந்த எண்ணுக்கு ஒற்றைப்படைன்னா அடுத்ததுக்கு ஒரு ரெட்டைப்படை எண்தான் கூடுது, அதனால அதுவும் ஒற்றைப்படை. புக்குல எப்படியோ அப்படியே. அவரு வகுப்புல என் பேப்பரத் தூக்கிக் காட்டி, 'அம்மா, ஒண்ணப் போட்டுப் பாத்தீங்களா?'ங்கறாரு. ஒண்ணையும் ஒண்ணையும் பெருக்கி ஒண்ணக் கூட்டினா ரெண்டுடீ! ரெண்டு ஒற்றைப்படைன்னு ஒரு பக்கம் நிரூபிச்சிருக்கேன். என் சின்னப் புள்ளைக்குக்கூடத் தெரியும், கேட்டா சிரிக்கும்."

"அதெல்லாம் எல்லாரும் பண்றதுதான்க்கா," என்றாள் புயல்.

"சும்மா சொல்லாத. நீ பண்ணுவியா?"

மறுநாள் ஸ்டாஃப் ரூமில் சிவப்பு மை தாள் கட்டைத் தள்ளி வைத்துவிட்டுக் கண்ணைக் கசக்கினார்.

"என்ன மாயமோ தெரியலம்மா. பாதிப் பேருக்கு மேல ரெண்டாம் படிய முத்து முத்தா போட்டிருக்காங்க, அவங்கள்ல ஒருத்தரும் முதல் படியத் தொடல. பழைய புக்கு வெச்சிருந்தப்ப இப்படி வந்ததே இல்ல."

புயல் மேஜைக்குக் கீழே புத்தகத்தைப் பிரித்து இண்டக்ஷன் பக்கங்களைப் புரட்டினாள். எளிது, செய்துகொள்க. எளிது, செய்துகொள்க. ஓர் இடத்தில்கூட அதைச் செய்து காட்டவில்லை. செய்யாவிட்டால் என்ன ஆகும் என்றும் சொல்லவில்லை. புதிதாகப் படிக்கிறவர்கள், முக்கியமென்றால் சொல்லியிருப்பார்கள் என்று தாண்டிப் போயிருக்கிறார்கள்.

"புக்கு நல்லாத்தான இருக்கு? நீங்கதான பாத்தீங்க?" என்றார் சிவப்பு மை.

"ம்," என்றாள். வாழ்க்கையில் அவள் சொன்ன மிகச் சின்னப் பதில் அது.

சொல்லிவிடலாம் என்று தினமும் நினைத்தாள். துறைத்தலைவர் அறைக்கதவு வரை போய், ஸ்டேப்ளர் பின் இருக்கிறதா என்று கேட்டுவிட்டு வந்தாள். அக்கா வீட்டுப் பக்கம் போவதைக் குறைத்தாள். போனில் அக்கா, "நான் மக்குடீ, வயசு ஏறினா மூளைல துரு ஏறிடும் போல," என்று சிரித்தால் இவளும் கூடச் சிரித்தாள். போனை வைத்த பிறகு அந்தச் சிரிப்பு நெஞ்சில் முள்ளாக நின்றது.

அரைப் பருவம் ஆனபோது, ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் அக்கா கூப்பிட்டாள்.

"நாளைக்கு காலேஜ் ஆபீஸ்ல சொல்லிப் படிப்ப விட்டு நின்னுக்கறேன். மாமாகிட்டயும் சொல்லிட்டேன். நீ வருத்தப்படாத, என்ன? எனக்கு இவ்ளோதான் எழுதியிருக்கு."

புயல் அவசரத்தில் ஜோடி மாற்றிச் செருப்பைப் போட்டுக்கொண்டு ஓடினாள். கதவைத் திறந்த அக்காவிடம் மூச்சு வாங்க எல்லாவற்றையும் கொட்டினாள். புத்தகம், அந்த வரி, தாள் கட்டு, தான் எழுதிய மதிப்பீடு. "நீ மக்கு இல்லக்கா. தப்பு அந்தப் புக்குல. அதுக்கு நல்ல பேரு குடுத்தது நான்."

அக்கா முகத்தில் முதலில் ஒரு வெளிச்சம் வந்தது. பிறகு அது மெல்ல அணைந்தது.

"எப்ப தெரியும் உனக்கு?"

"டெஸ்ட் பேப்பர் வந்த மறுநாள்."

"அதுக்கப்புறம் எத்தன தடவ உன்கிட்ட நான் மக்குன்னு சொன்னேன்?"

புயல் குனிந்து தன் செருப்பைப் பார்த்தாள்.

"புக்கு தப்பா இருந்துட்டுப் போகுது. நீ கூடச் சிரிச்சியேடீ."

அக்கா உள்ளே போனாள். சமையலறையில் குழாய் ஓடும் சத்தம் மட்டும் கேட்டது. புயல் வாசலிலேயே நின்றாள். மன்னிச்சுக்கோ என்று சொல்ல வாயெடுத்தாள். அதைச் சொன்னால் தனக்குத்தான் பாரம் குறையும், அக்காவுக்கு என்ன குறையும் என்று தோன்றியது. போனை எடுத்துத் துறைத்தலைவரைக் கூப்பிட்டாள். "சார், அந்த மதிப்பீடு தப்பு. நான் ஒரு கணக்குகூடப் போட்டுப் பாக்கல. நாளைக்கு எல்லா செக்‌ஷன்லயும் இண்டக்ஷன்ல முதல் படிய நாங்களே நடத்தணும், டெஸ்ட்ல வந்த கேள்விய மறுபடி வைக்கணும்." "காலைல என் ரூமுக்கு வாங்க," என்றார் அவர். வழக்கமான 'ம்மா' அதில் இல்லை.

திரும்பினால் அக்கா ஈரக்கையோடு நின்றிருந்தாள்.

"திட்டுவாரா?"

"திட்டுவாரு."

"திட்டட்டும்." அக்கா புடவைத் தலைப்பில் கையைத் துடைத்துக்கொண்டாள். "நாளைக்கு நான் ஆபீஸுக்குப் போகல, கிளாஸுக்குத்தான் போறேன். ஆனா உன்னோட பஸ்ல வரமாட்டேன். கொஞ்ச நாளைக்கு எங்கிட்ட பேசாத."

"சரிக்கா."

"மத்த அத்தியாயத்தையாவது ஒழுங்காப் படி. அதயும் நாங்கதான படிக்கணும்."

கதவு சாத்தப்பட்டது. புயல் படியிறங்கித் தெருவுக்கு வந்தாள். பேச ஆளில்லாமல், ஜோடி மாறிய செருப்போடு, மெதுவாக நடந்தாள்.