வைக்கலிங்கம்

கண்ணாடிக்குக் கீழேயிருந்த சின்னத் துவாரம் வழியாகக் காகிதம் வெளியே வந்தபோது விஜயலெட்சுமி அதை உடனே எடுத்துக்கொள்ளவில்லை. கையைச் சேலையில் இரண்டு தரம் துடைத்துக்கொண்டாள். பின்னால் நின்றவர் முழங்கையால் இடித்த பிறகுதான் எடுத்தாள். ஓரமாக ஒதுங்கி, யன்னல் வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தாள். எல்லாம் சிங்களத்தில் இருந்தது. சிங்களம் அவளுக்குப் பேசத் தண்ணீர்பட்ட பாடு. வாசிப்பதென்றால் எழுத்துக் கூட்டித்தான் ஆகவேண்டும். வி, ஜ, ய என்று உதடசைத்துக் கூட்டிக்கொண்டே போய், கடைசி மி வரைக்கும் வந்து நிறுத்தினாள். ஓர் எழுத்தும் பிசகவில்லை. பிறந்து இத்தனை வருடம் கழித்து அரசாங்கம் அவளை ஒழுங்காகப் பெயர் சொல்லிக் கூப்பிட்டிருக்கிறது. கண் கலங்கிவிட்டது. பதுளைப் பதிவாளர் காரியாலயத்தில், பட்டப்பகலில், அத்தனை பேர் மத்தியில், மூக்கைச் சிந்திக்கொண்டு நின்றாள்.

அதற்கு முன்னால் அவள் பெயர் வைக்கலிங்கம்.

கேட்டவர் எவரும் சிரிக்காமல் போனதில்லை; சிரித்தவர்கள்மேல் பெரிய குற்றமும் இல்லை. அவள் பிறந்த சமயம் அவர்கள் வழக்கப்படி முப்பதாம் நாள் தாய்மாமன் வந்து காதில் பெயரைச் சொல்லவேண்டும். தாய்மாமன் தெமோதரைப் பக்கத்தில் ஏதோ ஒரு தோட்டத்தில் இருந்தான். அவன் வந்து சேர்வதற்குள் பிறப்பைப் பதிந்தாக வேண்டும் என்று தோட்டத்து ஆஸ்பத்திரியில் விரட்டிவிட்டார்கள். பச்சை உடம்போடு அம்மா போய் நின்றாள். பதிவாளர் சிங்களவர். குழந்தையின் பெயர் என்னவென்று கேட்டார். அம்மா மரியாதையாக, "இன்னும் வைக்கலிங்க" என்றாள். அவருக்கு மகாலிங்கம் தெரியும், சொக்கலிங்கம் தெரியும். இதுவும் அந்த வரிசையில் ஒன்று என்று எண்ணிக்கொண்டு எழுதிவிட்டார். இன்னும் என்பதை விட்டாரே, அந்த மட்டில் புண்ணியம்.

பெண்பிள்ளைக்கு லிங்கம் என்று பெயர் வருமா என்று அவரும் யோசிக்கவில்லை. சிங்களக் காகிதத்தைத் தகரப் பெட்டியில் போட்டு வைத்த அப்பாவும் அம்மாவும் யாரிடமும் காட்டி வாசிக்கவில்லை. தாய்மாமன் ஒருவழியாக வந்து விஜயலெட்சுமி என்று காதில் சொன்னான். விஜி என்றே வளர்ந்தாள். பாடசாலையில் சேர்க்கப் போன அன்றைக்குத்தான் குட்டு உடைந்தது. டீச்சர் காகிதத்தை வாசித்துவிட்டு வாயைப் பொத்திக்கொண்டு உள்ளே போனார். அதற்குப் பிறகு எங்கே போனாலும் இதே கதைதான். கல்யாணப் பதிவில் சின்னராசா, வைக்கலிங்கம் என்று இரண்டு பெயரையும் பார்த்துவிட்டு, "பொண்ணு எங்கப்பா?" என்று கேட்டார்கள். விடியற்காலையில் மலைக்குப் போகுமுன் ஆட்களைக் கூட்டிப் பெயர் கூப்பிடுகிற பெரட்டில் கணக்கப்பிள்ளை "வைக்கலிங்கம்!" என்று கூப்பிட, பின்வரிசையிலிருந்து எவனாவது ஒருவன், "இன்னும் வைக்கலிங்க!" என்பான். தினமும் அதே பகிடி. தினமும் சிரித்தார்கள். அந்தக் கூட்டத்தில் கொழுந்துக்கூடையோடு நின்ற அம்மா மட்டும் ஒருநாளும் நிமிர்ந்து பார்த்ததில்லை.

பெயர் மாற்றத்துக்கு விஜயலெட்சுமி மனுப்போட்டது அம்மா செத்த பிறகு. மரணத்தைப் பதியப் போன இடத்தில் அவளுடைய அடையாள அட்டையை வாங்கிய கிளார்க், "மகன் வரலியா?" என்று கேட்டான். அவள் அவன் முன்னால்தான் நிற்கிறாள். அம்மாவுக்கு ஒரே பிள்ளை. அன்று வந்த ஆத்திரம் அவளை இதுவரைக்கும் இழுத்துக்கொண்டு வந்திருக்கிறது.

காரியாலயத்துக்கு எதிரே றுமைஸாவின் போட்டோகொப்பிக் கடை. விஜயலெட்சுமியின் விண்ணப்பங்களை எல்லாம் சிங்களத்தில் நிரப்பிக் கொடுத்தவள் றுமைஸாதான்.

"அல்லாவே, வந்துட்டா? காட்டுங்க, காட்டுங்க." வாங்கி, சத்தம் போட்டு வாசித்தாள். கொப்பி எடுக்க வந்தவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். "நல்லா ஈக்கி. இனி ஐடென்டிட்டிய மாத்தோணும். அது மாறாட்டி இது வெறும் கடதாசிதான். ஜீஎஸ்ட கடிதம் எடுங்க, தோட்டத்துத் தொரைட கையெழுத்து எடுங்க, புது போட்டோ ஒண்டு புடிங்க. பழைய கார்ட அவங்க எடுத்துக்குவாங்க."

"எடுத்துக்கட்டும். தலைய சுத்தி வீசிட்டு வந்துர்றேன்" என்றாள் விஜயலெட்சுமி.

பஸ் நமுனுகுலப் பக்கம் ஏறும்போது மழை பிடித்துக்கொண்டது. முன்பென்றால் மழையில் யன்னலோரம் உட்கார அவளுக்குப் பிடிக்கும். இரண்டு மழைக்காலமாக அப்படி இல்லை. அவர்கள் குடியிருந்த லயத்து வரிசை வீடுகளுக்குப் பின்னால் மலை வெடித்து, கையை உள்ளே விடக்கூடிய அகலத்துக்கு வாய் பிளந்து கிடந்தது. அளக்க வந்தவர்கள் சிவப்புக் கம்பு நட்டு, இங்கே யாரும் இருக்கக்கூடாது என்று சொல்லிவிட்டுப் போனார்கள். எங்கே இருப்பது என்று சொல்லவில்லை. பெருமழை பெய்தால் கோயிலில் போய்ப் படுப்பதும், வெயில் வந்தால் திரும்பி வந்து அடுப்பு மூட்டுவதுமாக நாள் ஓடிக்கொண்டிருந்தது. ஆபத்து இல்லாத சரிவில் புது வீடுகள் கட்டி முடிந்திருந்தன. அவளுக்கும் ஒன்று உண்டு. சின்னராசா பண்டாரவளையில் மரக்கறி மூட்டை தூக்குகிறவன், தோட்டத்துப் பதிவில் இல்லை. அதனால் வீடு அவள் பெயரில்தான் வந்திருந்தது.

மறுநாள் ஜீஎஸ் என்கிற கிராம உத்தியோகத்தரிடம் போனாள். சின்ன வயதுப் பையன், சிங்களவன். தமிழ் பேச வேண்டுமென்று ஆசைப்பட்டுப் பேசுகிறவன். புதிய பிறப்புச் சான்றிதழைப் பார்த்ததும் அவனுக்கும் சந்தோஷம். நாற்காலியை இழுத்துப் போட்டான். கடிதத்தாளை எடுத்தான். எழுதப்போன பேனா நின்றது.

"அக்கா, இது இப்ப வாணாம்."

"ஏங்க மாத்தயா?"

"வீட்டு லிஸ்ட்ல என்ன பேர்? வைக்கலிங்கம். அது கொழும்புல பாஸ் ஆகி வந்தது. சாவி குடுக்கிற நாள் கார்ட் பாப்பாங்க. பேர் வேற இருந்தா அந்த வீடு நிப்பாட்டுவாங்க. வெயிட்டிங்ல இருக்கிற ஆளுக்குப் போகும்."

"கார்டு நம்பரு அதேதானுங்களே?"

"நம்பர் ஒண்ணு. பேர் ரெண்டு. மேல உள்ளவங்க ரெண்டும் பாப்பாங்க."

"சரி, வீட்ட வாங்கிட்டு மாத்திக்கிறேன்."

அவன் தலையைச் சொறிந்தான். "பொறகு வீட்டு உறுதிப் பத்திரம் வரும். அதுவும் வைக்கலிங்கம் பேர்ல. நீங்க கார்ட் மாத்தினா, உறுதியில இருக்கிற ஆள் யாரு, நீங்க யாருன்னு கேப்பாங்க."

"அப்ப எப்பதான் மாத்துறது?"

அவன் சான்றிதழை மடிப்புக் கலையாமல் திருப்பித் தந்து, "பத்திரமா வைங்க அக்கா" என்றான். நல்ல பையன்தான். அதனாலேயே அவன்மேல் கோபப்படவும் வழியில்லாமல் அவள் எழுந்து வந்தாள். கோபத்தை எங்கே கொண்டுபோய்க் கொட்டுவது என்று வழிநெடுகத் தேடி, கடைசியில் வீட்டுக்குத்தான் கொண்டுவந்தாள்.

சின்னராசா விசயத்தைக் கேட்டதும் பெருமூச்சு விட்டான். "நல்ல வேள, முந்தியே சொன்னானே. கார்டு கையிலதானே இருக்கு?"

"இருக்கு."

"அப்ப பேசாம இரு. பேருதானே விஜி."

"பேருதானேன்னா?"

"எனக்கு நீ விஜி. தோட்டத்துக்கே நீ விஜி. அந்த கார்டுல மட்டும்தானே வைக்கலிங்கம்."

"கிளினிக்குல? பேங்க்ல? அம்மாவ பதியப் போன எடத்துல?" அவள் குரல் உயர்ந்தது. "அங்கெல்லாம் நீங்க வந்து விஜின்னு சொல்லுவீங்களா? பெரட்டுல அவனுக கத்துறப்ப ஒருநாளாச்சும் ஒருத்தன ஏன்டான்னு கேட்டிருக்கீங்களா? நாந்தான் நின்னேன். எங்கம்மா நின்னுச்சு. பேரு வந்திருச்சு, கையில இருக்கு, இப்ப போயி மூடி வைன்னா எப்பிடி வைக்கிறது?"

மழை தகரத்தில் பலமாக இறங்கத் தொடங்கியிருந்தது. மகள் தயானி புத்தகத்தை மூடிவிட்டு, யாரும் சொல்லாமலே பாயைச் சுருட்டத் தொடங்கினாள். கோயிலுக்குப் போகவேண்டி வரும் என்று அதற்குத் தெரியும். சின்னராசா பின்சுவரைப் பார்த்தான். அந்தச் சுவருக்குப் பின்னால்தான் மலை.

"விஜி, மண்ணு வந்து மூடிருச்சின்னா எந்தப் பேர சொல்லித் தோண்டுவாங்க?" என்றான். சண்டைக்குச் சொல்லவில்லை. மெதுவாகத்தான் சொன்னான்.

நியாயம் அவன் பக்கம்தான் இருந்தது. அதுதான் தாங்கவில்லை. சான்றிதழைப் பொலித்தீன் பைக்குள் போட்டு, மகளின் பாடசாலைக் காகிதங்களுக்கு அடியில் செருகினாள். பிறகு பாயின் மறுமுனையைப் பிடித்துக்கொண்டாள்.

சாவி கொடுக்கிற நாளில் சரிவு முழுக்கக் கொடி கட்டியிருந்தார்கள். பந்தல், ஒலிபெருக்கி, பெரிய மனிதர்களுக்கு வெள்ளைத்துணி போட்ட நாற்காலிகள். கூட்டத்தில் அவளுக்குப் பக்கத்தில் இராக்கம்மா வந்து நின்றாள். கீழ் லயத்துக்காரி. புருசன் இல்லை. வெயிட்டிங் லிஸ்ட்டில் முதல் பெயர் அவளுடையது என்று எல்லோருக்கும் தெரியும்.

"ஒம் பேரு மாறி வந்திருச்சாமே விஜி? சந்தோசம்" என்றாள் இராக்கம்மா. கொஞ்சம் பொறுத்து, "கார்டும் மாத்திட்டியா?"

"இல்லக்கா."

இராக்கம்மா தலையாட்டினாள். முகத்தில் ஒன்றையும் காட்டிக்கொள்ளவில்லை. முந்தானையை மட்டும் இழுத்து இழுத்துச் சரிசெய்தாள். அவளும் இரண்டு மழைக்காலம் கோயில் தரையில் பக்கத்துப் பாயில் படுத்தவள்தான். விஜயலெட்சுமிக்கு அங்கே நிற்க முடியவில்லை. நகர்ந்து போனால் நன்றாயிருக்காது என்று நின்றாள்.

"வைக்கலிங்கம்!" என்றது ஒலிபெருக்கி.

மேடையேறினாள். அதிகாரி அட்டையைப் பார்த்தார், அவளைப் பார்த்தார், மறுபடி அட்டையைப் பார்த்தார். மைக்கை அவள் பக்கம் தள்ளி, "பெயரைச் சொல்லுங்க" என்றார். எல்லோரையும் அப்படித்தான் சொல்லச் சொன்னார்கள். யாரோ வீடியோ எடுத்துக்கொண்டிருந்தார்கள். அப்போதுதான் அவளுக்கு உறைத்தது. இந்தப் பெயரை ஊரெல்லாம் சொல்லியிருக்கிறது, அவள் வாயால் ஒருநாளும் சொன்னதில்லை. கேட்ட இடங்களில் எல்லாம் அட்டையை நீட்டிவிட்டுப் பேசாமல் நின்றுதான் பழக்கம்.

அவளுடைய மூச்சு முதலில் மைக்கில் கேட்டது.

"வைக்கலிங்கம்" என்றாள்.

சிரிப்பு வரும் என்று உடம்பை இறுக்கிக்கொண்டாள். வரவில்லை. கீழே எல்லோரும் அவரவர் பெயர் எப்போது வரும் என்று பார்த்துக்கொண்டிருந்தார்கள். சாவியை வாங்கிக்கொண்டு இறங்கினாள். சந்தோஷப்படத்தான் நினைத்தாள். பந்தலின் ஓரத்தில், இராக்கம்மா சேலையைத் தூக்கிச் செருகிக்கொண்டு கீழ் லயத்துக்கான படிகளில் இறங்குவது தெரிந்தது.

வீடு நல்ல வீடுதான். இரண்டு அறை, தனிக் குசினி, உள்ளேயே குழாய். சின்னராசா குழந்தைபோல ஒவ்வொரு யன்னலாகத் திறந்து திறந்து மூடிக்கொண்டிருந்தான். தயானி இந்த அறை எனக்கு என்று கத்திக்கொண்டு ஓடினாள். சீமெந்து மணம் இன்னும் போகவில்லை. பின்பக்கம் போய்ப் பார்த்தாள். மலை தூரத்தில் இருந்தது. அந்தத் தூரத்தைப் பார்த்துக்கொண்டே கொஞ்ச நேரம் நின்றாள். நெஞ்சுக்குள் என்னவோ ஒன்று இளகியது என்பதையும் பொய்யில்லாமல் சொல்லவேண்டும்.

வாசலுக்கு வந்தபோது, பெயின்ட் டப்பாவோடு ஒருவன் கதவோரச் சுவரில் எழுதி முடித்து எழுந்தான். வரிசையாக ஒவ்வொரு வீட்டுக்கும் இலக்கமும் பெயரும் எழுதிக்கொண்டு வருகிறான், பண்டாரவளை ஆள். நீலத்தில், கொழுத்த கொழுத்த தமிழ் எழுத்து. அடுத்த வீட்டுக்குப் போகிறவன் திரும்பிப் பார்த்துச் சொன்னான்.

"தொட்டுறாதீங்க அக்கா, இன்னும் காயலிங்க."

அவன் குந்தி உட்கார்ந்து பக்கத்து வீட்டு இலக்கத்தை எழுதத் தொடங்கும்வரை அவள் பார்த்துக்கொண்டு நின்றாள். பிறகு கையை நீட்டினாள். அழிக்கவேண்டும் என்று நினைத்துக்கூட நீட்டவில்லை. ஆள்காட்டி விரல் கடைசி எழுத்தில் பட்டது, பட்டதும் இழுத்துவிட்டாள். ம் இருந்த இடத்தில் நீலத் தீற்று ஒன்று மட்டும் நின்றது. மீதி எழுத்துகள் அப்படியே இருந்தன. அவள் அவற்றை மனதுக்குள் வாசித்தாள்: வைக்கலிங்க.

"விஜி, இங்க வந்து பாரேன், தண்ணி வருது!" உள்ளேயிருந்து சின்னராசா கூப்பிட்டான்.

ஈரப் பெயின்ட் பட்ட விரலைச் சேலையில் படாமல் தூக்கிப் பிடித்தபடி அவள் வாசலிலேயே நின்றாள்.