ஆந்தீமின் மூன்று தட்டு

முதலில் சத்தத்தைப் பிடித்தோம். மெழுகு உருளை சுழல, தகரக் குழாயின் வாய்க்கு எதிரே பலகை போட்டு மரச்செருப்போடு ஆடினேன். மறுநாள் அந்த உருளையை ஓடவிட்டு, அதற்கு ஏற்றபடி நான் ஆட, படம் பிடித்தார்கள். இரண்டு நாளும் காரியத்தைக் கெடுத்தவர் ஆந்தீம்.

எங்கள் பாரிஸ் கொட்டகையில் திரை தூக்குமுன் தடியால் தரையில் மூன்று தட்டு தட்டுவது அவர் வேலை. பழக்க தோஷத்தில் உருளையில் சத்தம் பிடிக்கும்போதும் தட்டிவிட்டார். மறுநாள் உருளையிலிருந்து தட்டு கேட்டதும், மனுஷன் படத்துக்குள்ளேயே வந்து நின்று கூடவே தட்டினார்.

"யோவ், கை சும்மா இருக்காதா?" என்று கத்தினார் முதலாளி வோசெல்.

"தட்டாம ஆரம்பிச்சா வெளங்குமா, மொதலாளி?"

மூன்று மாதம் கழித்து வெள்ளோட்டம். முதலில் ஒரு பாடகரின் படம்; திரையில் அவர் வாயை மூடிய பிறகும் உருளையிலிருந்து பாட்டு வந்துகொண்டிருந்தது. எல்லாரும் விழுந்து விழுந்து சிரித்தார்கள்.

"அடுத்தது உன்னுது, செலி. பொருந்தலேன்னா நாளைக்கே மறுபடி ஆடிரு. ஆடமாட்டேன்னா வேற ஆளப் பாத்துக்கறேன்" என்றார் முதலாளி.

வயிற்றிலிருப்பதை யாருக்கும் சொல்லாமல் இறுக்கிக் கட்டி வைத்திருந்தேன். அதை வைத்துக்கொண்டு எப்படிக் குதிப்பது?

படம் காட்டும் பெட்டியின் கைப்பிடியைச் சுற்றியவன் குளோவிஸ். உருளையில் முதல் தட்டு விழுந்தபோது திரையில் ஆந்தீம் தடியை அப்போதுதான் தூக்கினார். குளோவிஸ் வேகமாகச் சுற்றினான். இரண்டாம் தட்டு இழையளவு தப்பியது. மூன்றாவதில் தடியும் சத்தமும் ஒன்றாக விழுந்தன.

அதன்பின் என் மரச்செருப்பின் ஒவ்வொரு அடியும் சத்தத்தின் மேலேயே இறங்கியது. ஒருவரும் சிரிக்கவில்லை. ஆட்டம் முடிந்ததும் கை தட்டினார்கள், அதுவும் வெறும் துணித்திரையைப் பார்த்து!

"அக்கா, அந்தத் தடி இல்லேன்னா இதையும் கோட்ட விட்டிருப்பேன்" என்றான் குளோவிஸ்.

முதலாளி ஆந்தீமைக் கட்டிக்கொண்டார். "இனி எல்லாப் படத்துலயும் நீதான்யா தட்டணும்! செலி, ஒன் ஆட்டம் வருஷம் பூரா ஓடும். படம் ஓடுற வரைக்கும் ஒனக்குச் சம்பளம். இனி நீ ஆடவே வேண்டாம்மா."

அப்பாடா என்றிருந்தது எனக்கு. அங்கேயே இடுப்புக்கச்சையின் நாடாவை அவிழ்த்துவிட்டு, கால் நீட்டி உட்கார்ந்து, வயிறு முட்ட மூச்சை இழுத்து விட்டேன்.

முதலாளியின் கண் என் இடுப்பில் நின்றது. "ஏம்மா, இது எப்பலேருந்து?"

"அந்தப் படத்துலயே ரெண்டு பேர்தான் மொதலாளி ஆடுறோம்."